தாமதத்தில் அலுவலகத்தின் பங்கு: அரசுப் பணியில் பாலியல் தொல்லைப் புகார்களும் நீதிமன்ற ஆய்வும்

(அறக்கட்டளைச் சொற்பொழிவின் திருத்திய எழுத்து வடிவம்)



பெண்களின் பணிவாழ்வைப் பற்றி ஆண்டுக்கொரு சொற்பொழிவு நிகழ வேண்டும் என்று விரும்பி இந்த அறக்கட்டளையை ஏற்படுத்தியவர்களுக்கும், இவ்வாண்டு என்னை அழைத்தவர்களுக்கும் நன்றி. பணி விதிகள் தொடர்பான சட்டத்தைப் படிப்பதும் கற்பிப்பதும் என் தொழில். அந்தச் சட்டத்தில் என்னை நெடுநாளாக உறுத்திக்கொண்டிருக்கும் ஒரு கேள்வியை உங்கள் முன் வைக்கிறேன். அரசுப் பணியில் இருக்கும் ஒரு பெண் பாலியல் தொல்லை பற்றித் தாமதமாகப் புகார் தந்தால், அந்தத் தாமதத்தை நீதிமன்றம் எப்படிப் பார்க்க வேண்டும்?

என் கருத்தை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். அரசு அலுவலகத்தில் புகார் தாமதமாவதற்குப் பெரும்பாலும் அந்த அலுவலகமும் காரணமாக இருக்கிறது. ஆகவே தாமதத்துக்குப் பெண்ணிடம் மட்டும் விளக்கம் கேட்பது நீதியாகாது. அலுவலகத்தின் பங்கு எவ்வளவு என்று முதலில் கேட்டுவிட்டு, அதன் பிறகே நீதிமன்றம் நாள்களை எண்ணத் தொடங்க வேண்டும். இதை ஏழு கூறுகளாக விளக்குகிறேன். வழக்குகளைக் குறிப்பிடும்போது புகார் கொடுத்த பெண்களின் பெயர்களைச் சொல்லப்போவதில்லை. அவர்களின் அடையாளத்தை வெளியிடக் கூடாது என்று பணியிடப் பாலியல் தொல்லைத் தடுப்புச் சட்டத்தின் 16-ஆம் பிரிவு சொல்கிறது. அதன் உணர்வை மேடையிலும் மதிப்பதே முறை.

1. சட்டம் தரும் கால அளவு

1992-இல் ராஜஸ்தானின் பட்டேரி கிராமத்தில், அரசின் மகளிர் மேம்பாட்டுத் திட்டத்தில் பணியாற்றிய பெண் ஒருவர், குழந்தைத் திருமணத்தைத் தடுக்க முயன்றதற்காகக் கூட்டு வல்லுறவுக்கு ஆளானார். அதை ஒட்டி எழுந்த விசாகா வழக்கில் 1997 ஆகஸ்ட் 13 அன்று உச்ச நீதிமன்றம் வழிகாட்டு நெறிகளை வகுத்தது. அந்த நெறிகளில் புகார் கொடுக்கக் கெடு எதுவும் விதிக்கப்படவில்லை. கெடு வந்தது 2013-ஆம் ஆண்டின் பணியிடப் பாலியல் தொல்லைத் தடுப்புச் சட்டத்தில்தான். அச்சட்டம் அவ்வாண்டு டிசம்பர் 9 முதல் நடைமுறைக்கு வந்தது.

அதன் 9-ஆம் பிரிவு சொல்வது இது: நிகழ்வு நடந்த நாளிலிருந்து மூன்று மாதங்களுக்குள் எழுத்துமூலம் புகார் தர வேண்டும். தொடர் நிகழ்வுகளானால் கடைசி நிகழ்விலிருந்து மூன்று மாதம். அந்தக் காலத்துக்குள் புகார் தர முடியாதபடி சூழ்நிலை தடுத்தது என்று, புகாரை விசாரிக்கும் உள்ளகக் குழுவுக்குத் தோன்றினால், காரணத்தை எழுதிப் பதிவுசெய்து, மேலும் மூன்று மாதம் வரை நீட்டலாம். ஆக மொத்தம் ஆறு மாதம்.

அதே பிரிவில் அதிகம் பேசப்படாத ஒரு வரி உண்டு. ஒரு பெண்ணால் எழுதித் தர இயலாவிட்டால், அவள் எழுதித் தருவதற்கு வேண்டிய எல்லா உதவியையும் குழுவின் தலைவரோ உறுப்பினரோ செய்தாக வேண்டும். கெடுவை எழுதிய சட்டமே அலுவலகத்தின் மீதும் ஒரு கடமையைச் சுமத்தியிருக்கிறது. தாமதம் பற்றிய வாதங்களில் கெடு எப்போதும் நினைவுக்கு வருகிறது. அந்தக் கடமை நினைவுக்கு வருவதில்லை.

2. மற்ற குற்றச்சாட்டுகளோடு ஒப்பிட்டால்

இந்த ஆறு மாதம் எவ்வளவு குறுகியது என்பதை அறிய, பக்கத்திலிருக்கும் சட்டங்களைப் பார்த்தாலே போதும். உடலைத் தொட்டுத் தொல்லை செய்வது இந்திய தண்டனைச் சட்டத்தின் 354-அ பிரிவின்படி மூன்றாண்டு வரை சிறைத்தண்டனைக்குரிய குற்றம். இப்போது அது பாரதிய நியாய சன்ஹிதாவின் 75-ஆம் பிரிவு. இத்தகைய குற்றத்தை நீதிமன்றம் விசாரணைக்கு ஏற்க, குற்றவியல் நடைமுறைச் சட்டத்திலும் இப்போது அதற்குப் பதிலாக வந்த சட்டத்திலும் உள்ள காலம் மூன்றாண்டு. ஒருவரைச் சிறைக்கு அனுப்பக்கூடிய நடவடிக்கைக்கு மூன்றாண்டு இடமிருக்கிறது. அவரது ஊதிய உயர்வை நிறுத்தக்கூடிய நடவடிக்கைக்கு ஆறு மாதம்தான்.

பணி விதிகளோ இன்னும் தாராளமானவை. அரசு ஊழியர் செய்த பிற முறைகேடுகளுக்காகத் துறை நடவடிக்கை எடுக்க இப்படிப்பட்ட கெடு கிடையாது. பணி ஓய்வு பெற்றவர் மீதுகூட, நான்காண்டுகளுக்குள் நடந்த நிகழ்வுக்காக நடவடிக்கை தொடங்க ஓய்வூதிய விதிகள் இடம் தருகின்றன. தாமதம் மிகும்போது நீதிமன்றம் தலையிடும். தமிழ்நாடு வீட்டுவசதி வாரியப் பொறியாளர் மகாதேவன் தொடுத்த வழக்கில், பத்தாண்டு கழித்துத் தரப்பட்ட குற்றச்சாட்டுக் குறிப்பாணையை 2005-இல் உச்ச நீதிமன்றம் ரத்து செய்தது. ஆனால் அங்கே நாள்காட்டி மட்டும் முடிவுசெய்யவில்லை. ஆந்திர அரசு எதிர் ராதாகிஷன் என்ற 1998-ஆம் ஆண்டுத் தீர்ப்பு, இதற்கு நிலையான வாய்பாடு எதுவும் இல்லை என்றது. குற்றச்சாட்டின் தன்மை என்ன, தாமதத்துக்கு யார் காரணம், அதனால் ஊழியருக்கு விளைந்த பாதிப்பு என்ன என்று எல்லாவற்றையும் சீர்தூக்கிப் பார்க்கச் சொன்னது.

கோப்பில் கையாடல் நடந்தால் சீர்தூக்கிப் பார்க்கிறோம். பெண் ஊழியரின் கண்ணியம் குலைக்கப்பட்டால் மட்டும் நாளை எண்ணிக் கோப்பை மூடுகிறோம். பெண்களுக்கு எதிரான பாலியல் குற்றச் சட்டங்களை ஆராய்ந்த நீதிபதி வர்மா குழு 2013 ஜனவரியில் தந்த அறிக்கையில், மூன்று மாதக் கெடு வேண்டாம், பெண்ணின் சூழ்நிலையைக் கருதி நியாயமான காலத்துக்குள் புகார் தர விட வேண்டும் என்று பரிந்துரைத்தது. நாடாளுமன்றம் அதை ஏற்கவில்லை.

3. அலுவலகம் தாமதத்தை எப்படி உண்டாக்குகிறது

அரசுப் பணியில் நிரந்தர வேலை இருக்கிறதே, அங்கே புகார் கொடுக்க என்ன அச்சம் என்று கேட்பவர்கள் உண்டு. அரசுப் பணியை உள்ளிருந்து அறிந்தவர்களுக்கு விடை தெரியும். புதிதாகச் சேர்ந்த பெண்ணுக்குத் தகுதிகாண் பருவம் பொதுவாக இரண்டாண்டு. அது நிறைவாக முடிந்தது என்று எழுதும் கை, பல நேரங்களில் புகாருக்கு உள்ளான அதிகாரியின் கைதான். சட்டம் தரும் ஆறு மாதமோ அந்தப் பருவத்தின் பாதிக்குள்ளேயே முடிந்துவிடுகிறது. அதற்குப் பிறகும் மந்தண அறிக்கை, பதவி உயர்வுப் பட்டியல், இடமாறுதல், விடுப்பு என ஒவ்வொன்றுக்கும் அதே மேலதிகாரியின் கையொப்பம் வேண்டும். கணவர் இறந்து கருணை அடிப்படையில் வேலை பெற்றவரையும், வெளிமுகமை மூலம் தினக்கூலிக்கு வருபவரையும் எண்ணிப் பாருங்கள். அவர்கள் ஆறு மாதம் வாய் திறக்காமல் இருந்தால் அதில் வியப்பில்லை.

இடமாறுதல் எவ்வளவு கூர்மையான ஆயுதம் என்பதை பஞ்சாப் அண்ட் சிந்து வங்கி வழக்கு காட்டியது. மேலதிகாரி மீது புகார் சொன்ன மூத்த பெண் மேலாளர் ஒருவர், இந்தூரிலிருந்து ஜபல்பூர் மாவட்டக் கிளை ஒன்றுக்கு மாற்றப்பட்டார். அது பழிவாங்கும் செயல் என்று 2020 பிப்ரவரியில் உச்ச நீதிமன்றம் கண்டது. வங்கி அமைத்த உள்ளகக் குழுவின் வெளி உறுப்பினர், அந்த வங்கிக்கே வழக்காடும் வழக்கறிஞர் என்பதையும் தீர்ப்பு சுட்டிக்காட்டியது. இப்படிப்பட்ட குழுவிடம் ஒரு பெண் உடனே போகவில்லை என்றால், அந்தத் தயக்கத்துக்கு யார் பொறுப்பு?

இன்னொரு வகைத் தாமதமும் உண்டு. அந்தப் பெண் பேசாமல் இருந்திருக்க மாட்டாள். பிரிவுக் கண்காணிப்பாளரிடம் வாய்மொழியாகச் சொல்லியிருப்பாள். சங்கப் பொறுப்பாளரிடம் சொல்லியிருப்பாள். திங்கட்கிழமைக் குறைதீர்க்கும் நாளில் ஆட்சியரிடம் மனு கொடுத்திருப்பாள். அந்த மனு ‘உரிய நடவடிக்கைக்காக’ என்ற குறிப்புடன் மேசை மேசையாக நகர்ந்து, கடைசியில் உள்ளகக் குழுவின் தபாலில் ஏறும்போது ஏழாவது மாதம் பிறந்திருக்கும். அந்த அலுவலகத்தில் குழு ஒன்று இருக்கிறதா, அதன் தலைவர் யார் என்று எந்தப் பலகையிலும் எழுதியிருக்காது. அப்படி எழுதி வைக்க வேண்டியது 19-ஆம் பிரிவின்படி நிர்வாகத்தின் கடமை.

துறையே செய்யும் தாமதத்துக்குச் சட்டம் அதிகம் வருந்துவதில்லை. விசாரணையைக் குழு 90 நாளில் முடிக்க வேண்டும். அறிக்கை பெற்ற 60 நாளில் நிர்வாகம் செயல்பட வேண்டும். இவை தவறினால் எந்தக் கதவும் தானாக மூடுவதில்லை. மத்திய உளவு அமைப்பில் பணியாற்றிய பெண் அதிகாரி ஒருவர் 2007-இல் கொடுத்த புகாரை முறையாகக் கையாளாததற்காக, அவருக்கு ஒரு லட்சம் ரூபாய் இழப்பீடு தர 2020 ஏப்ரலில் உச்ச நீதிமன்றம் ஆணையிட்டது. இடையில் போனது பதின்மூன்று ஆண்டு. நிர்வாகத்தின் ஆண்டுகளுக்கு இழப்பீடும் பெண்ணின் மாதங்களுக்குத் தள்ளுபடியும் என்று இரு அளவுகோல்கள் இருக்கக் கூடாது.

4. நீதிமன்றங்கள் ஏற்கெனவே காட்டிய வழி

துறை விசாரணையின் மீது உயர் நீதிமன்றத்துக்கு இருப்பது மேல்முறையீட்டு அதிகாரம் அல்ல. முடிவெடுத்த முறை சரியா, சான்று எதுவுமே இல்லாமல் முடிவெடுத்தார்களா என்று பார்ப்பதுதான் அதன் வேலை. 1995-இல் சதுர்வேதி வழக்கு இதைத் தெளிவாக்கியது. பாலியல் தொல்லை வழக்குகளில் இந்த எல்லை அடிக்கடி மீறப்பட்டது. உச்ச நீதிமன்றம் அதைத் திரும்பத் திரும்பத் திருத்த வேண்டியிருந்தது.

1999 ஜனவரியில் வந்த ஆடை ஏற்றுமதி மேம்பாட்டுக் கழக வழக்கு முதல் எடுத்துக்காட்டு. அதிகாரி பெண் ஊழியரைத் தொட முயன்றாரே தவிரத் தொடவில்லை என்று சொல்லி, அவரைப் பணிநீக்கம் செய்தது தவறு என்றது தில்லி உயர் நீதிமன்றம். உச்ச நீதிமன்றம் பணிநீக்கத்தை மீட்டது. சொற்களைப் பிரித்துப் பார்க்காமல் வழக்கின் முழுப் பின்னணியையும் பார்க்கச் சொன்னது.

அடுத்தது 2021 டிசம்பரில் எல்லைப் பாதுகாப்புப் படை தொடர்பாக வந்த முத்ரிகா சிங் வழக்கு. நிகழ்வின் தேதியில் ஒரு நாள் முரண் இருந்ததைப் பெரிதாக்கி உயர் நீதிமன்றம் நடவடிக்கையை ரத்து செய்திருந்தது. பாலியல் முறைகேடு குறித்த விசாரணைகளை நுணுக்கக் காரணங்களால் செல்லாதாக்கும் போக்கு வளர்கிறது என்று உச்ச நீதிமன்றம் கவலை தெரிவித்தது. மேலவருக்கும் கீழவருக்கும் இடையிலுள்ள அதிகார ஏற்றத்தாழ்வை நினைவில் கொள்ளச் சொன்னது.

மூன்றாவது, 2023 நவம்பரில் வந்த திலீப் பால் வழக்கு. சசஸ்திர சீமா பல் படையின் அசாம் அலுவலகம் ஒன்றில் பணியாற்றிய பெண் 2011-இல் ஒரு புகார் தந்தார். 2012-இல் கூடுதல் விவரங்களோடு இன்னொன்று தந்தார். முதல் புகாரில் இல்லாததை விசாரித்தது தவறு என்றது குவாஹாட்டி உயர் நீதிமன்றம். உச்ச நீதிமன்றம் அதை ஏற்காமல், அதிகாரியின் ஓய்வூதியத்தில் பாதியை நிறுத்திய தண்டனையை மீட்டது. பின்னால் சொல்லப்பட்டது என்பதாலேயே ஒரு விவரம் விலக்கத்தக்கதாகிவிடாது என்பதே இதிலிருந்து நான் பெறும் பாடம். முதல் நாளிலேயே எல்லாவற்றையும் சொல்லிவிடும் துணிவு எல்லோருக்கும் வாய்ப்பதில்லை.

இந்த மூன்று தீர்ப்புகளையும் சேர்த்துப் படித்தால் ஒரு நெறி தெரிகிறது. தேதி, வரிசை, சொல்வடிவம் ஆகியவற்றில் குறை இருந்தால், சான்றை மதிப்பிடும்போது அதைக் கணக்கில் எடுக்கலாம். விசாரணையையே தடுக்க அது போதாது. தாமதத்துக்கும் இந்த நெறியே பொருந்தும் என்கிறேன்.

5. 2025 செப்டம்பர் தீர்ப்பும் என் மறுப்பும்

ஆனால் தாமதம் நேரடியாக நீதிமன்றத்தின் முன் வந்தபோது விடை வேறாக இருந்தது. கொல்கத்தாவிலுள்ள தேசியச் சட்டப் பல்கலைக்கழகத்தின் பெண் பேராசிரியர் ஒருவர், துணைவேந்தர் மீது 2023 டிசம்பர் 26 அன்று உள்ளூர்ப் புகார்க் குழுவிடம் புகார் தந்தார். கடைசி நிகழ்வு ஏப்ரலில் நடந்ததாகச் சொல்லப்பட்டது. ஆறு மாதம் கடந்துவிட்டது என்று குழு தள்ளுபடி செய்தது. உயர் நீதிமன்றத்தின் தனி நீதிபதி அதை மாற்றினார். இரு நீதிபதிகள் அமர்வு குழுவின் முடிவை மீட்டது. 2025 செப்டம்பர் 12 அன்று உச்ச நீதிமன்றம் அதை உறுதிசெய்தது.

2023 ஆகஸ்டில் அந்தப் பேராசிரியர் ஒரு மையத்தின் இயக்குநர் பொறுப்பிலிருந்து விலக்கப்பட்டார். அது தொல்லையின் தொடர்ச்சியே என்பது அவரது வாதம். நிர்வாகக் குழுவின் முடிவைத் தொல்லையின் கண்ணியாகக் கொள்ள முடியாது என்றது நீதிமன்றம். ஒரு தீங்கின் விளைவு நீடிப்பது வேறு, தீங்கே நீடிப்பது வேறு என்றும் விளக்கியது. இந்தத் தீர்ப்புக்கு முந்திய ஆண்டில், காவல் துறை தொடர்பான ஒரு வழக்கில், மனத்தில் அச்சமும் வேதனையும் நீடிக்கச் செய்யும் கடுமையான தொல்லையைத் தொடர் குற்றமாகக் கருதலாம் என்று சென்னை உயர் நீதிமன்றம் கூறியிருந்தது. அந்த வழி இப்போது குறுகிவிட்டது.

உச்ச நீதிமன்றத்தின் மீதுள்ள மதிப்போடு என் மறுப்பைச் சொல்கிறேன். 9-ஆம் பிரிவின் சொற்கள் இருக்கும் நிலையில், ஆறு மாதத்தைத் தாண்டி நீட்டக் குழுவுக்கு அதிகாரம் இல்லை என்பது சரி. ஆனால் கடைசி நிகழ்வு எது என்பது சான்றால் தீர வேண்டிய கேள்வி. பதவிக்குக் கேடு வரும் என்று மிரட்டுவதும், வேலையில் குறுக்கிடுவதும், பாலியல் தொல்லையோடு தொடர்புடையவையாக இருந்தால் அவையும் தொல்லையாகலாம் என்று 3-ஆம் பிரிவு சொல்கிறது. தொடர்பு இருந்ததா என்பதைச் சாட்சிகளை விசாரிக்காமல் வாசலிலேயே எப்படி அறிய முடியும்?

இன்னொன்றும் உண்டு. புகார் காலம் கடந்தது என்று சொன்ன அதே தீர்ப்பு, இந்தத் தீர்ப்பைத் துணைவேந்தர் தமது தன்விவரக் குறிப்பில் சேர்க்க வேண்டும் என்றும் ஆணையிட்டது. நடந்தது மறக்கப்படக் கூடாது என்ற நல்லெண்ணம் அதில் இருக்கிறது. ஆயினும் குற்றச்சாட்டு உண்மையா பொய்யா என்று எந்த மன்றமும் விசாரிக்கவில்லை. பெண்ணுக்கு விடை கிடைக்கவில்லை. எதிர்த்தரப்புக்கோ தம்மை நிரூபித்துக்கொள்ளும் வாய்ப்பே இல்லாமல் வாழ்நாள் வடு. தாமதத்தைக் காரணமாக்கி விசாரணையைத் தடுத்தால் இரு தரப்புக்கும் நீதி குறைகிறது என்பதற்கு இதைவிடத் தெளிவான சான்று எனக்குத் தெரியவில்லை.

6. குற்றம் சாட்டப்பட்டவரின் உரிமை

இந்த இடத்தில் ஒரு நியாயமான எதிர்வாதம் எழும். ஆண்டுகள் கழித்துப் புகார் வந்தால் சாட்சிகள் மாறுதலாகிப் போயிருப்பார்கள். வருகைப் பதிவேடு கிடைக்காது. கண்காணிப்புப் படம் அழிந்திருக்கும். குற்றமற்றவர் எதைக் கொண்டு தம்மைக் காத்துக்கொள்வார்?

இந்தக் கவலை உண்மையானது. அதற்கு விடையும் சட்டத்தில் இருக்கிறது. கோவா பல்கலைக்கழகத்தின் அவுரேலியானோ பெர்னாண்டஸ் வழக்கில், குழு அவசர அவசரமாக விசாரித்து எதிர்த்தரப்புக்குப் போதிய வாய்ப்புத் தரவில்லை என்று 2023 மே மாதம் உச்ச நீதிமன்றம் தண்டனையை ரத்து செய்தது. ஆனால் புகாரை அது புதைக்கவில்லை. விட்ட இடத்திலிருந்து முறையாக விசாரிக்கச் சொல்லித் திருப்பி அனுப்பியது. குழுக்கள் முறைப்படி அமைக்கப்பட்டிருக்கின்றனவா என்று சரிபார்க்க நாடெங்கும் உள்ள அரசுகளுக்கு ஆணையும் பிறப்பித்தது. நேர்மையான விசாரணைதான் இரு தரப்புக்கும் காப்பு. காலம் கடந்ததால் குறிப்பிட்ட எந்தச் சான்று போயிற்று, அது தம் தற்காப்பை எப்படிக் கெடுத்தது என்று எதிர்த்தரப்பு காட்டட்டும். காட்டினால் அதற்கு முழு மதிப்பு கொடுக்க வேண்டும். தாமதம் என்ற ஒற்றைச் சொல் அந்த நிரூபணத்துக்கு ஈடாகாது.

7. இனிச் செய்ய வேண்டியவை

தாமதமான புகார் தொடர்பான நீதிப்பேராணை மனு வரும்போது, நீதிமன்றம் நான்கு கேள்விகளை இந்த வரிசையிலேயே கேட்க வேண்டும் என்று முன்வைக்கிறேன். முதலாவது, அந்த அலுவலகத்தில் முறையான குழு இருந்ததா, அது பெண்ணுக்குத் தெரியும்படி அறிவிக்கப்பட்டிருந்ததா? இரண்டாவது, அவள் முதன்முதலில் யாரிடம் சொன்னாள், அவர்கள் என்ன செய்தார்கள்? வாய்மொழியாகச் சொன்னதை எழுத உதவினார்களா? மூன்றாவது, இடைப்பட்ட காலத்தில் அவளது பணிநிலை யார் கையில் இருந்தது? நான்காவது, தாமதத்தால் எதிர்த்தரப்பின் தற்காப்புக்கு விளைந்த குறிப்பான கேடு என்ன? முதல் இரண்டு கேள்விகளுக்கு நிர்வாகம் பிரமாண வாக்குமூலத்தில் விடை தரட்டும். குழுவே இல்லாத அலுவலகமும், மனுவைக் கிடப்பில் போட்ட அலுவலகமும் தாமதத்தைத் தமக்குச் சாதகமாகச் சொல்ல அனுமதிக்கக் கூடாது.

துறைத் தலைவர்களுக்கும் ஒன்று சொல்ல வேண்டும். 9-ஆம் பிரிவின் கெடு, பெண் குழுவிடம் புகார் தருவதற்கு உரியது. நடத்தை விதிகளின்படி தம் ஊழியரின் ஒழுங்கீனத்தின் மீது நடவடிக்கை எடுக்க அரசுக்கு இருக்கும் அதிகாரத்தை அந்தக் கெடு பறித்துவிட்டதாகச் சட்டத்தில் எங்கும் எழுதப்படவில்லை. இந்தச் சட்டம் பிற சட்டங்களுக்குக் கூடுதலானது என்றே 28-ஆம் பிரிவு கூறுகிறது. பணியிடத்தில் பெண் ஊழியருக்குத் தொல்லை தருவது மத்திய அரசின் நடத்தை விதிகளிலும் தமிழ்நாடு அரசின் நடத்தை விதிகளிலும் தடைசெய்யப்பட்ட செயல். காலம் கடந்ததென்று குழு திருப்பி அனுப்பிய புகாரில் முகாந்திரம் இருந்தால், தமிழ்நாடு அரசின் ஒழுங்கு நடவடிக்கை விதிகளில் உள்ள 17(ஆ) பிரிவின்கீழ் குறிப்பாணை தந்து துறை விசாரிக்கலாம் என்பது என் துணிபு. அப்படிச் செய்த ஆணைகள் நீதிமன்றத்துக்கு வரும்போது, ராதாகிஷன் வழக்கின் சீர்தூக்கும் முறையே அவற்றுக்கும் அளவாகட்டும்.

கடைசியாக, சட்டமியற்றுவோரின் பணி. கெடுவை ஓராண்டாக்கக் கோரும் தனிநபர் மசோதா ஒன்று 2024-இல் மாநிலங்களவையில் வந்தது. ஓராண்டு ஆறு மாதத்தைவிட நல்லது. ஆனால் தகுதிகாண் பருவத்தில் இருப்பவருக்கு அதுவும் போதாது. காரணம் காட்டினால் நீட்டலாம், நீட்டிப்புக்கு மேல்வரம்பு இல்லை என்று திருத்துவதே முறை. பிற வழக்குகளில் மேல்முறையீட்டாளருக்குக் காலவரம்புச் சட்டத்தின் 5-ஆம் பிரிவு நெடுங்காலமாகத் தரும் சலுகைதான் இது. புதிதாக எதையும் கேட்கவில்லை.

மாணவர்களே, நாளை நீங்கள் வழக்கறிஞர்களாக, அரசு வழக்கறிஞர்களாக, நீதிபதிகளாக அமர்வீர்கள். இவ்வளவு நாள் ஏன் சொல்லவில்லை என்று ஒரு பெண்ணைக் கேட்கும் உரிமை உங்களுக்கு உண்டு. அதே வழக்கில் அவளுடைய துறைச் செயலரைப் பார்த்து, அவள் சொல்வதற்கு நீங்கள் என்ன வழி செய்து வைத்திருந்தீர்கள் என்று கேட்கும் கடமையும் உண்டு. இரண்டாவது கேள்விக்கு விடை பதிவான பிறகே முதல் கேள்வியைக் கேளுங்கள் என்பதே உங்களிடம் என் வேண்டுகோள்.